ஊமைப் படத்துக்கு அழுகை வருமா? அண்ணாச்சி பதில்கள்

கேள்வி: அண்ணாச்சி, எங்க தாத்தாவுக்கு ஊமைப் படம்னா உசிரு. எனக்குச் சிரிப்பாணிதான் வருது, எல்லாரும் தடதடன்னு ஓடுதாவ. காதல், கஷ்டம்னு மனசுல நிக்கித மாதிரி ஒண்ணு சொல்லுங்களேன். (கல்லூரி மாணவி, வீரவநல்லூர்)

பதில்: தாயி, அந்த ஓட்டம் எடுத்தவங்க குத்தம் இல்ல. அப்போ கேமராவைக் கையால சுத்தி செகண்டுக்கு 16, 18, 20 பிரேம், அதாவது அத்தன தனித்தனிப் படம்னு எடுத்தாவ, பேசும்படம் வந்தப்புறம் 24னு ஆயிட்டு, பழைய சுருளை 24ல ஓட்டுனா நடக்குதவனும் ஓடத்தான் செய்வான். சரியான வேகத்துல ஓடுத பிரதியாத் தேடிப் பாரு.

1924ல அமெரிக்க டைரக்டர் டி. டபிள்யூ. கிரிஃபித் எடுத்த 'இஸின்ட் லைஃப் வொண்டர்ஃபுல்' பாரு. ஜெர்மனிக்கே போயி எடுத்தாவ. மொதல் உலகப்போர் முடிஞ்ச நேரம், அகதியா வந்த போலந்துக் குடும்பம், அதுல பால்ங்கித பையனும், அவங்க எடுத்து வளத்த இங்காங்கித பொண்ணும் கல்யாணம் பண்ண ஆசைப்படுதாவ, கையில காசு இல்ல. 1923 நவம்பர்ல அங்கன ஒரு டாலருக்கு ஜெர்மன் காசு 4.2 லட்சம் கோடி மார்க், நெனச்சுப் பாரு. இங்கா கறிக்கடை வரிசையில நிக்கா, பலகையில விலையை அழிச்சு ஏத்தி எழுதுதாவ, அவ நோட்டை எண்ணிப் பாக்கா, வரிசை ரெண்டடி நகருது, மறுபடி அழிக்காவ, அவ முறை வாரப்போ காசு பத்தல. ஒரு பேச்சு கிடையாது. சின்னப்பிள்ளையில நான் எங்கம்மை கூட மண்ணெண்ணெய்க்கு வரிசையில நிப்பேன், ஒருநா எங்க முறை வாரப்போ தீந்துட்டுன்னுட்டாவ, அம்மை ஒண்ணுமே பேசல, காலி கேனைத் தூக்கிட்டு விறுவிறுன்னு நடந்தா. அந்த சீனைப் பாக்கப்போ எனக்கு அவ முதுகுதான் தெரிஞ்சுது.

அந்தப் பையன் பால் போர்ல விஷவாயு பட்டு உடம்பு கெட்டவன், துண்டு நிலத்துல உருளைக்கிழங்கு போட்டு, அதை வண்டியில வச்சு ரெண்டு பேருமா இழுத்துட்டு வாராவ. வழியில மறிச்சுப் பிடுங்குதவங்களும் பசியில கெடக்க தொழிலாளிங்கதான். அதுக்கு மேல சொல்ல மாட்டேன், தாத்தாவைப் பக்கத்துல இருத்தி நீயே பாரு.

கேள்வி: நம்ம பக்கத்துல எடுத்த ஊமைப் படம் எதும் மிஞ்சிருக்கா? (வாசகர், வள்ளியூர்)

பதில்: இருக்கு. நாகர்கோவில் சுந்தர்ராஜ் தயாரிச்ச 'மார்த்தாண்ட வர்மா', 1933. கதை உரிமை எங்களுதுன்னு நாவலைப் போட்ட புத்தகக் கம்பெனி வழக்குப் போட்டதுல படம் நின்னுபோச்சு, பிரிண்டு அந்தக் கம்பெனி கையில மாட்டிக்கிட்டு, அப்படி முடங்கிக் கெடந்ததாலதான் பிழைச்சுது. இப்போ பூனே திரைப்பட ஆவணக் காப்பகத்துல பத்திரமா இருக்கு. சென்னையில நடராஜ முதலியார் எடுத்த 'கீசக வதம்' நமக்குக் கிடைக்கவே இல்ல.