மூச்சை எண்ணிவிட்டு உள்ளுணர்வைப் பேசுவோம்: செவிலிய அறிவு பற்றிய கேள்வி-பதில்

இந்த முறை வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் செவிலியரின் அறிவை நான்கு முறைகளாகப் பிரித்துக் காட்டிய பார்பரா கார்ப்பரைச் சுற்றியே இருக்கின்றன. தேர்வு நெருங்குகிறது போல. “பத்து மதிப்பெண்ணுக்கு விடை எழுதித் தரவும்” என்று மட்டும் எழுதியவர்களுக்கு இங்கே பதில் கிடையாது.

கேள்வி: இன்சுலின் வேண்டாம் என்று மறுத்த நோயாளியை வைத்து, கார்ப்பரின் நான்கு அறிதல் முறைகளையும் எழுதச் சொல்லியிருக்கிறார்கள். எதை எந்தத் தலைப்பின் கீழ் போடுவது?

பதில்: தலைப்புப் போட்டுப் பங்கு பிரித்தால் மதிப்பெண் வரும், விஷயம் பிடிபடாது. நோயாளியிடமே போவோம். அப்போதைய சர்க்கரை அளவு, டோஸ், கடைசியாகச் சாப்பிட்ட நேரம் எல்லாம் எம்பிரிக்ஸ், அதாவது அளந்து சரிபார்க்கக்கூடிய அறிவு. தொடைப் பக்கம் ஊசியைக் கொண்டுபோனதும் முகத்தைத் திருப்புகிறார், ஆனால் கை தொப்புளுக்குப் பக்கத்தில் ஒரே இடத்தைக் காட்டுகிறது. அவர் மறுப்பது ஊசியை அல்ல, புது இடத்தை என்று அந்தக் கையசைவிலிருந்து பிடித்துக்கொள்வது ஈஸ்தெடிக்ஸ், அதாவது எதிரில் இருப்பவரைக் கண்டுணரும் கலை. மூன்றாவது முறை மறுக்கும்போது நம் குரலில் எரிச்சல் ஏறுகிறதா என்று நாமே பார்த்துக்கொள்வது தன்னறிவு. தெளிவான மனநிலையில் உள்ளவர் வேண்டாம் என்றால் வேண்டாம்தான். ஆனால் போடாவிட்டால் என்ன ஆகும் என்பது அவருக்குப் புரிந்திருக்கிறதா என்று பார்க்க வேண்டியது அறநெறி.

இனித்தான் முக்கியமான பகுதி. அந்த இடத்தைத் தடவிப் பாருங்கள். ரப்பர் போல் தடித்திருக்கும். பல மாதம் ஒரே இடத்தில் குத்தியதில் கொழுப்பு தடித்து, வலியும் தெரியாமல் போயிருக்கிறது. அதனால்தான் அவருக்கு அந்த இடம் பிடித்திருக்கிறது. அங்கே போட்டால் இன்சுலின் ஒழுங்காக உறிஞ்சப்படாது. இடத்தை மாற்றினாலோ அதே டோஸ் வேகமாக வேலை செய்து சர்க்கரை சரேலென்று இறங்கலாம். அதனால் மாற்றும் முன்பே டாக்டரிடம் சொல்லுங்கள், சில நாட்களுக்கு அடிக்கடி சர்க்கரை பாருங்கள். ஒரு கையசைவைக் கவனித்தது டோஸ் வரை கொண்டுவந்து விட்டதல்லவா? இதை எழுதினால் திருத்துபவர் நிமிர்ந்து உட்காருவார்.

கேள்வி: ஈஸ்தெடிக் அறிவு என்றால் வார்டைச் சுத்தமாக, அழகாக வைத்துக்கொள்வதுதானே?

பதில்: இல்லை. கார்ப்பர் இதற்குத் தத்துவவாதி ஜான் டூயியிடமிருந்து ஒரு வேறுபாட்டை எடுத்துக்கொள்கிறார்: அடையாளம் காண்பது வேறு, கண்டுணர்வது வேறு. “இது அறுவைக்குப் பிந்தைய வலி” என்று பெயர் ஒட்டிவிட்டு நகர்வது அடையாளம். நேற்று இருமும்போது வயிற்றைத் தலையணையால் அணைத்துக்கொண்டவர் இன்று இருமவே மாட்டேன் என்கிறார் என்று பார்ப்பது கண்டுணர்வு. தரையைத் துடைப்பதற்கும் இதற்கும் சம்பந்தமில்லை.

கேள்வி: மெட்டாபாரடைம், மாடல், தியரி மூன்றும் ஒன்றுதானா?

பதில்: மூன்றும் வேறு. மனிதர், சூழல், உடல்நலம், செவிலியம் என்ற நான்கும் ஜாக்குலின் ஃபாசெட் வகுத்துத் தந்த மெட்டாபாரடைம். அது வயலின் வரப்பு மாதிரி. ராயின் தகவமைப்பு மாடல் அந்த வயலைப் பார்க்கும் ஒரு கோணம். கொல்காபாவின் ஆறுதல் கோட்பாடு இடைநிலைத் தியரி, அதாவது ஒரு குறுகிய விஷயத்தை மட்டும் பேசுவது. அளவுகோல் வைத்து அளக்கலாம். ஆய்வேடு எழுதுகிறவர்கள் பெரிய மாடலை நேராகக் கருதுகோளாக்கப் போய் மாட்டிக்கொள்கிறார்கள். இடைநிலைத் தியரியைப் பிடியுங்கள்.

கேள்வி: நைட் டியூட்டியில் ஒரு நோயாளியைப் பார்த்ததும் ஏதோ சரியில்லை என்று பட்டது. டாக்டரைக் கூப்பிட்டேன். “அளவெல்லாம் நார்மல்தானே, எதற்குக் கூப்பிட்டீர்கள்?” என்றார். காலையில் அவர் ஐ.சி.யு.வுக்குப் போனார். செவிலியரின் உள்ளுணர்வுக்கு மதிப்பே இல்லையா?

பதில்: மதிப்பு உண்டு. “எனக்குக் கவலையாக இருக்கிறது” என்று செவிலியர் சொல்வதையே அவசரக் குழுவை அழைக்கப் போதுமான காரணமாக ஏற்கும் மருத்துவமனைகள் இருக்கின்றன. ஆனால் உங்கள் கடிதத்தில் ஓர் எண் இருக்கிறது, என் கண் அங்கேயே நின்றுவிட்டது. மூச்சு 20 என்று எழுதியிருக்கிறீர்கள். மாலை 20, இரவு 20, விடியற்காலை 20. பக்கத்துக் கட்டில்காரருக்கும் 20 ஆகத்தான் இருக்கும்.

உண்மையில் எண்ணினீர்களா?

இதைப் பலமுறை எழுதிவிட்டேன், இன்னும் எழுதுவேன். உடல் நிலை சரியும்போது முதலில் மாறும் அளவுகளில் ஒன்று மூச்சு. யாரும் எண்ணாமல் எழுதுவதும் அதைத்தான். பி.பி.க்கு மெஷின் இருக்கிறது, சாச்சுரேஷனுக்கு விரலில் மாட்டுவது இருக்கிறது, மூச்சுக்கு நம் கண்ணும் கடிகாரமும்தான். மானிட்டர் காட்டும் மூச்சு எண்ணையும் நம்ப வேண்டாம். நோயாளி புரண்டால் அதுவும் புரளும்.

ஓர் உதாரணம் போட்டுப் பார்ப்போம். பல்ஸ் 104, மேல் பி.பி. 112, ஆக்சிஜன் இல்லாமல் சாச்சுரேஷன் 95, காய்ச்சல் 37.8, நினைவு தெளிவு. மூச்சு 20 என்று எழுதினால் நியூஸ்-2 (இந்த அளவுகளுக்குப் புள்ளி போட்டுக் கூட்டி ஆபத்தை முன்கூட்டியே காட்டும் முறை) மதிப்பெண் 2. நான்கு முதல் ஆறு மணி நேரத்துக்கு ஒருமுறை பார்த்தால் போதும் என்கிற கணக்கு. உட்கார்ந்து எண்ணி, உண்மையில் 26 என்று தெரிந்தால் அதற்கு மட்டுமே 3, மொத்தம் 5. இப்போது மணிக்கு ஒருமுறையாவது பார்க்க வேண்டும், டாக்டர் உடனே வர வேண்டும். டாக்டர் பார்த்த “நார்மல்” அந்த இட்டுக்கட்டிய 20. அவரைக் குறை சொல்லி என்ன பயன்? (அவர் வந்து பார்த்திருக்க வேண்டும் என்பது வேறு வழக்கு.)

எண்ணும் விதம்: பல்ஸ் பார்ப்பதுபோல் மணிக்கட்டைப் பிடித்தபடியே மார்பைப் பாருங்கள். எண்ணுகிறீர்கள் என்று தெரிந்தால் நோயாளி மூச்சை மாற்றிவிடுவார். முழு 60 விநாடி. 15 விநாடி எண்ணி நான்கால் பெருக்கினால் ஒரு மூச்சுப் பிழை நான்காகிவிடும். மூச்சு நின்று நின்று வருபவரிடம் அந்த 15 விநாடி இடைவெளியில் விழுந்தால் கதை முடிந்தது. ஆக்சிஜன் ஓடிக்கொண்டிருந்தால் சாச்சுரேஷன் 97 என்று காட்டும், மூச்சு 30 ஆக இருக்கும். ஒன்றைப் பார்த்து இன்னொன்றை எழுதாதீர்கள்.

இனி உள்ளுணர்வுக்கு வருவோம். “ஏதோ சரியில்லை” என்று தோன்றியபோது உங்கள் கண் எதையோ பார்த்துவிட்டது, வாய்க்கு இன்னும் சொல் வரவில்லை. சொல்ல முடிவதைவிட நமக்குத் தெரிந்தது அதிகம் என்றார் தத்துவவாதி மைக்கேல் போலன்யி. சரி, ஆனால் அதோடு நின்றுவிடக் கூடாது. கட்டில் பக்கத்தில் இன்னும் இரண்டு நிமிடம் நின்று தேடுங்கள். மூக்குத் துவாரம் விரிகிறதா, கழுத்துத் தசை இழுக்கிறதா, ஒரு வாக்கியத்தை மூன்று மூச்சில் சொல்கிறாரா, முழங்கால் தோல் திட்டுத்திட்டாக இருக்கிறதா, போர்வையைப் பிடுங்குகிறாரா? சிறுநீர் மணிக்கு எவ்வளவு? 60 கிலோ எடைக்கு 30 மில்லிக்குக் கீழே போனால் கவலைப்படுங்கள். திடீர்க் குழப்பம் இருந்தால் அதற்கு மட்டுமே நியூஸ்-2இல் 3.

பிறகு போனை எடுங்கள். “சார், பேஷண்ட் ஒரு மாதிரி இருக்கிறார்” என்றால் பாதித் தூக்கத்தில் இருப்பவர் எழமாட்டார். “மூச்சு 26, முழு நிமிடம் எண்ணினேன். நான்கு மணி நேரத்துக்கு முன் 18. நியூஸ் 5. கை குளிர்ந்திருக்கிறது, சிறுநீர் குறைந்திருக்கிறது. தொற்றாக இருக்குமோ என்று சந்தேகிக்கிறேன். நீங்கள் வந்து பார்க்க வேண்டும், எத்தனை நிமிடத்தில் வருவீர்கள்?” என்று கேளுங்கள். சொன்ன நேரத்தையும் எழுதி வையுங்கள். வரவில்லை என்றால் மேலே உள்ளவரைக் கூப்பிட அந்தக் குறிப்பு வேண்டும். எண்கள் எல்லாம் உண்மையிலேயே சரியாக இருந்து, கவலை மட்டும் போகவில்லை என்றால் அதையும் சொல்லுங்கள். எண்ணிய பிறகு சொல்லுங்கள்.

கேள்வி: ஐ.சி.யு.வில் 10 ஆண்டு அனுபவம். பென்னர் சொன்ன எக்ஸ்பர்ட் நிலையில் இருக்கிறேன். இப்போது பச்சிளங்குழந்தைப் பிரிவுக்கு மாற்றி, என்னைவிட இளையவரின் கீழ் பயிற்சி என்கிறார்கள். இது அவமானமில்லையா?

பதில்: இல்லை, சரியான ஏற்பாடு. புதியவர் முதல் எக்ஸ்பர்ட் வரை பாட்ரிசியா பென்னர் 1984இல் எழுதிய ஐந்து படிகளும் ட்ரேஃபஸ் சகோதரர்களின் திறன் வளர்ச்சி மாடலிலிருந்து வந்தவை. படி ஒட்டியிருப்பது ஆளோடு அல்ல, சூழ்நிலையோடு. புது இடத்துக்குப் போனால் எக்ஸ்பர்ட்டும் கீழ்ப்படிக்கு இறங்குவார் என்று பென்னரே சொல்கிறார். பெரியவருக்கு மூச்சு 40 என்றால் ஓடுவீர்கள், பச்சிளங்குழந்தைக்கு 40 சாதாரணம். பழைய கண் இங்கே தப்பாகப் பார்க்கும். இரண்டு மூன்று ஆண்டு ஆகும் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: பக்கவாதம் வந்து வலது கை, கால் பலவீனமான நோயாளி. கேர் பிளானுக்கு ஓரெம், ஹென்டர்சன், ராய் என்ற செவிலியக் கோட்பாட்டாளர்களில் யார் சரி?

பதில்: எதற்காகத் தேர்ந்தெடுக்கிறீர்கள் என்று எழுதவில்லையே. ஒன்றும் விடுபடாமல் பார்க்க ஹென்டர்சனின் 14 தேவைகள் போதும். உடல் மாறிப்போனதை அவர் எப்படி ஏற்கிறார் என்பது சிக்கலானால் ராய். “எதை நான் செய்வது, எதை அவரே செய்வது” என்பதுதான் கேள்வி என்றால் ஓரெம். இந்த நோயாளிக்கு நான் ஓரெமை எடுப்பேன்.

எல்லோரும் செய்யும் தவறு, நோயாளி முழுவதற்கும் ஒரே முத்திரை குத்துவது. ஓரெமிடம் முழு உதவி, பகுதி உதவி, ஆதரவும் கற்பித்தலும் என்று மூன்று முறைகள் உண்டு. “முழு ஈடு செய்தல்” (முழு உதவி) என்று முதல் நாள் எழுதியது டிஸ்சார்ஜ் வரை அப்படியே கிடக்கும். செயல்வாரியாகப் பிரியுங்கள். மலம் கழிக்க முழு உதவி. சாப்பிடப் பகுதி உதவி: நேராக உட்கார வைத்து, தட்டை அவர் பார்வைக்குள் இடப்புறம் வைத்து, ஸ்பூனை இடது கையில் கொடுங்கள். விழுங்கும் பரிசோதனை முடியாமல் ஒரு வாய் தண்ணீரும் கூடாது. மாத்திரை நேரம், கால் பராமரிப்பு எல்லாம் ஆதரவும் கற்பித்தலும். ஆக, ஒரே ஆள் ஒரே நாளில் மூன்று முறைகளிலும் இருப்பார். ஒவ்வொரு ஷிப்டிலும் எந்தச் செயல் எங்கே நகர்ந்தது என்று ஒரு வரி எழுதுங்கள். நாம் பல் தேய்த்துவிட்டால் 3 நிமிடம், அவரே தேய்த்தால் 15 நிமிடம். அந்த 12 நிமிட அவசரத்தில்தான் ஓரெம் கைவிடப்படுகிறார்.

கேள்வி: ஐந்தாவது அறிதல் முறை உண்டு என்கிறார் ஒருவர், இல்லை என்கிறார் இன்னொருவர்.

பதில்: கார்ப்பரிடம் நான்குதான். 1995இல் ஜில் வைட் சமூக-அரசியல் அறிவைச் சேர்த்தார். பிறகு சின், கிரேமர் இருவரும் விடுதலை நோக்கிய அறிவு என்றார்கள். படுக்கைப்புண் வந்ததற்குச் செவிலியரிடம் விளக்கம் கேட்பது பழைய வழக்கம். அந்த இரவு இருவர் சேர்ந்து புரட்ட வேண்டிய நோயாளிகள் எத்தனை பேர், டியூட்டியில் எத்தனை பேர் என்று கேட்டால் ஐந்தாவது முறைக்குள் வந்துவிட்டீர்கள். எண்ணிக்கையோடு கேளுங்கள். “ஆள் பற்றாக்குறை” என்று பொதுவாக முணுமுணுப்பதை நிர்வாகம் காதில் போட்டுக்கொள்ளாது.

கேள்வி: “அறியாமையும் ஓர் அறிதல் முறை” என்று படித்தேன். இது என்ன வேடிக்கை?

பதில்: நீங்கள் படித்தது அரைகுறை. பாட்ரிசியா மன்ஹால் 1993இல் சொன்னது, எனக்குத் தெரியும் என்ற எண்ணத்தைக் கொஞ்சம் ஒதுக்கி வைப்பது. இதய நோயாளி சிறுநீர் பிரியவைக்கும் மாத்திரை சாப்பிடுவதில்லை, சார்டில் “ஒத்துழைக்காதவர்” என்று ஏறிவிடுகிறது. “காலையில் மாத்திரை போட்டால் அதன் பிறகு உங்கள் பொழுது எப்படிப் போகிறது?” என்று கேளுங்கள். பயணத்தில் கழிவறை கிடைக்காது என்பதால் விட்டிருப்பார். வெளியே போகும் நாளில் எத்தனை மணிக்குப் போடலாம் என்று டாக்டரிடம் கேட்டுச் சொன்னால் பல நேரம் பிரச்சினை தீர்ந்துவிடும்.

கேள்வி: பிரதிபலிப்பு நாட்குறிப்புக்கு (நடந்ததைத் திரும்பிப் பார்த்து எழுதுவதற்கு) கிப்ஸ் மாடல் நல்லதா, ஜான்ஸ் மாடல் நல்லதா? நான் எழுதியதில் ஒரு பக்கம் இணைத்துள்ளேன்.

பதில்: ஆரம்பத்துக்கு கிப்ஸின் ஆறு கட்டம் எளிது. ஜான்ஸின் கேள்விகள் கார்ப்பரின் நான்கு முறைகளை ஒட்டியவை, பழகியபின் எடுங்கள். நீங்கள் அனுப்பிய பக்கத்தில் முக்கால்வாசி “மனம் கனத்தது” என்றே போகிறது. நடந்தது ஐந்து வரி, உணர்வு மூன்று வரி, ஏன் அப்படி நடந்தது என்பது அரைப் பக்கம், அடுத்த முறை செய்யப்போவது தேதி போடக்கூடிய ஒரு செயலாக இருக்கட்டும். நோயாளியின் பெயரும் கட்டில் எண்ணும் அதில் இருக்கின்றன. உடனே அடியுங்கள். மூச்சு 20 என்றும் எழுதியிருக்கிறீர்கள். நீங்களுமா?

கேள்வி: கார்ப்பர் எழுதியது 1975ஆ, 1978ஆ? விடைத்தாளில் எதைப் போட?

பதில்: 1975 கொலம்பியாவின் டீச்சர்ஸ் கல்லூரியில் கொடுத்த முனைவர் பட்ட ஆய்வேடு. 1978 எல்லோரும் மேற்கோள் காட்டும் கட்டுரை. விடைத்தாளில் 1978.