வேனில் ஏறும் முன் வேப்பை என்ன செய்வது?

ஜொகூர், லாயாங்-லாயாங் பக்கத்துத் தோட்டப்புற வாசகர் ஒருவர் கேட்டிருக்கிறார்: "நாங்கள் ஒன்பது பேர் வேன் எடுத்துச் சிங்கப்பூர் போகிறோம். அக்கா வீட்டில் ஒரு ராத்திரி தங்கிவிட்டு, சாங்கியில் விமானம் ஏறித் திருச்சி. சமயபுரம், பழனி பார்த்துவிட்டு அதே வழியில் திரும்புவோம். மகனுக்கு 24 வயது, வேப் (மின் சிகரெட்) பிடிப்பான். 'பெரிய பெட்டியில் துணிக்கு நடுவில் போட்டுவிடு, அங்கே போய் இழுக்காமல் இருந்தால் சரி' என்கிறார் மச்சான். அடுத்த மாதம் கூட்டாளிகளோடு தாய்லாந்தின் ஹட்யாய் போகவும் அவன் திட்டம் வைத்திருக்கிறான். எப்படி எடுத்துப் போவது?"

எடுத்துப் போகக் கூடாது. இந்தப் பயணத்துக்கும் சரி, ஹட்யாய்க்கும் சரி, வேப் வீட்டிலேயே இருக்கட்டும்.

உங்கள் மச்சான் சொன்னதில் இரண்டு தவறுகள். முதலாவது, சட்டம் இழுப்பவரை மட்டும்தான் பிடிக்கும் என்று நினைப்பது. வேப் சட்டங்களைப் படிக்கும்போது நான்கு சொற்களைத் தனித்தனியாகத் தேட வேண்டும்: விற்பது, உள்ளே கொண்டுவருவது, வைத்திருப்பது, பயன்படுத்துவது. எல்லையைக் கடக்கும் பயணிக்கு முதலில் வருவது இரண்டாவது சொல். பெட்டிக்குள் அடியில் கிடந்தாலும் அது "கொண்டுவருவது"தான். இழுக்கவே இல்லை என்பது அங்கே பதிலாகாது.

சிங்கப்பூரில் இந்த நான்குமே குற்றம். 2018 பிப்ரவரி 1 முதல் வாங்குவது, வைத்திருப்பது, பயன்படுத்துவது மூன்றுக்கும் தடை. 2025 செப்டம்பர் 1 முதல் பிடியை இன்னும் இறுக்கினார்கள். முதல் முறை பிடிபடும் 18 வயதுக்கு மேற்பட்டவருக்கு 700 சிங்கப்பூர் வெள்ளி அபராதம், அதற்குக் குறைந்தவருக்கு 500 என்று அப்போது அறிவித்தார்கள். வெளிநாட்டவர் திரும்பத் திரும்பப் பிடிபட்டால் வேலை பெர்மிட் ரத்தாகலாம். நாட்டைவிட்டு அனுப்பி, மறுபடி நுழையவும் தடை போடலாம். தினமும் மோட்டாரில் ஜொகூர்-சிங்கப்பூர் பாலம் கடந்து வேலைக்குப் போகும் நம் பிள்ளைகளுக்கு 700 வெள்ளியைவிட அந்தத் தடைதான் பெரிய அடி. ஒரு ஆளின் சம்பளமே போய்விடும்.

"நிகோட்டின் இல்லாத ஜூஸ்தான்" என்று வேப்பில் ஊற்றும் திரவத்தைக் காட்டிச் சொல்வதும் செல்லாது. கருவிக்கே தடை. காலி பாட் (ஜூஸ் அடைத்த குப்பி), தனி பேட்டரி, உடைந்து போன டிஸ்போசபள் (தீர்ந்ததும் தூக்கிப்போடும் வேப்) எல்லாம் அதில் அடக்கம். புகையிலைக் குச்சியைச் சூடாக்கிப் பிடிக்கும் கருவிகளும் அப்படியே.

இதைவிட மோசமான ஒன்றையும் மகனிடம் உட்கார வைத்துச் சொல்லுங்கள். 'கே-பாட்' என்று புழங்கும் பாட்களில் எட்டோமிடேட் கலந்திருக்கும். அறுவைச் சிகிச்சைக்கு முன் மயக்கம் கொடுக்கும் மருந்து அது. சிங்கப்பூர் அதை 2025 செப்டம்பரில் சி பிரிவுப் போதைப்பொருளாகவே பட்டியலிட்டது. அதை நாட்டுக்குள் கொண்டுவருவதற்கு அப்போது அறிவித்த தண்டனை 3 முதல் 20 ஆண்டு சிறை, 5 முதல் 15 பிரம்படி. பாட்டை வெளியிலிருந்து பார்த்தால் வித்தியாசம் தெரியாது. வாசனையை வைத்தும் சொல்ல முடியாது. கூட்டாளி கொடுத்தது, லேபிள் இல்லாதது, டெலிகிராமில் வாங்கியது எது கையில் இருந்தாலும் அதற்குள் என்ன இருக்கிறது என்று உங்கள் மகனுக்கே தெரியாது. சோதனைச் சாவடியில் அது தெரியவரும்போது பையின் சொந்தக்காரர்தான் பதில் சொல்ல வேண்டும்.

வேண்டுமென்று ஒளித்து மாட்டுபவர்களைவிட, மறந்து மாட்டுபவர்களே அதிகம் என்பது எங்கள் கணிப்பு. டிஸ்போசபள் ஒன்று கட்டைவிரல் அகலம்தான். ஜீன்ஸின் சின்னப் பாக்கெட், ஜாக்கெட்டின் உள்பை, ஹெல்மெட் துணிக்குள், மோட்டார் இருக்கைக்கு அடியில், வேன் கதவின் பக்கவாட்டுப் பள்ளம், இருக்கைக்கும் பெல்ட்டுக்கும் நடுவில் என்று எங்கே வேண்டுமானாலும் போய்ச் சொருகிக்கொள்ளும். புறப்படுவதற்கு முந்தின நாள் மாலை, வெளிச்சம் இருக்கும்போதே, எல்லாப் பைகளையும் காலி செய்து மறுபடி அடுக்குங்கள். ஒன்பது பேர் போகும்போது துணிகளைக் கலந்து போடாதீர்கள். ஒரு பைக்கு ஒரு ஆள், மேலே பெயர்ச் சீட்டு. வாடகை வேன் என்றால் ஓட்டுநரிடமும் சொல்லி இருக்கை இடுக்குகளைக் கையால் துழாவிப் பாருங்கள். நேற்று அதில் போனவர்கள் விட்டுப்போனது இன்று உங்கள் தலையில் விழ வேண்டாம்.

பாலத்தின் நடுவில் நினைவு வந்தால்? மலேசியக் குடிநுழைவைத் தாண்டிய பிறகு வண்டியைத் திருப்ப முடியாது. ஜன்னல் வழியாக வீசவும் கூடாது. அங்கே கேமரா இருக்கிறது. சிங்கப்பூர் பக்கத்து உட்லண்ட்ஸ் சாவடியில் சோதனை தொடங்குவதற்கு முன்பே, அறிவிக்க வேண்டிய பொருள் உள்ளவர்களுக்கான சிவப்புப் பாதைக்குப் போய் அதிகாரியிடம் தானாக எடுத்துக் கொடுப்பதுதான் மிச்சமிருக்கும் ஒரே ஒழுங்கான வழி. பச்சைப் பாதையில் நடந்து, பையைத் திறந்த பிறகு "மறந்துவிட்டேன்" என்று சொன்னால் யாரும் காதில் வாங்கமாட்டார்கள்.

அடுத்தது திருச்சி. இந்தியாவில் கடைத்தெருவில் சிலர் வேப் பிடிப்பதைப் பார்த்து, அங்கே பரவாயில்லை என்று நினைத்துவிடுகிறார்கள். 2019 செப்டம்பரில் அவசரச் சட்டமாக வந்து அதே ஆண்டு நிரந்தரச் சட்டமான மின் சிகரெட் தடைச் சட்டம், தயாரிப்பு, இறக்குமதி, ஏற்றுமதி, விற்பனை, விளம்பரம், சேமித்து வைப்பது அத்தனையையும் தடுக்கிறது. இறக்குமதிக்கு முதல் முறை ஓராண்டு வரை சிறை அல்லது ஒரு லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். மறுபடி என்றால் மூன்றாண்டு வரை, ஐந்து லட்சம் வரை. சேமித்து வைத்ததற்கு ஆறு மாதம் வரை சிறை அல்லது 50,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். இழுப்பது குற்றம் என்று அந்தச் சட்டத்தில் நேரடியாக எழுதவில்லை என்று வாதிடுபவர்கள் உண்டு. ஆனால் எந்த அளவில், எந்த வடிவில் வைத்திருந்தாலும் சட்ட மீறல்தான் என்று இந்தியச் சுகாதார அமைச்சு 2023இல் விளக்கம் கொடுத்துவிட்டது. திருச்சி சுங்கத்தில் நின்றுகொண்டு அந்த வாதத்தைத் தொடங்குவது புத்திசாலித்தனம் இல்லை. திரும்பும் வழியையும் மறக்காதீர்கள்: அங்கே யாராவது கையில் ஒன்றைத் திணித்தால், அது சாங்கியில் மறுபடி உங்கள் பையில் இறங்கும்.

மச்சானின் இரண்டாவது தவறு, பெரிய பெட்டி. எந்த நாட்டுச் சட்டமும் குறுக்கே வராவிட்டாலும், சரக்கறைக்குப் போகும் பெட்டியில் வேப் வைக்கவே கூடாது. 2015 முதல் இது உலக அளவிலான விமான விதி. காரணம் உள்ளே இருக்கும் லித்தியம் பேட்டரி. துணி அழுத்திப் பொத்தான் அமுங்கினால் உள்ளே இருக்கும் சுருள் கம்பி சூடாகிக்கொண்டே இருக்கும். பேட்டரி தீப்பிடித்தால் சரக்கறையில் அணைக்க ஆள் இல்லை. மேலே பயணிகள் பகுதியில் என்றால் பணிப்பெண்கள் உடனே தண்ணீர் ஊற்றுவார்கள். எக்ஸ்ரேயில் பேட்டரியும் சுருள் கம்பியும் பளிச்சென்று தெரியும். பெட்டியை ஓரங்கட்டி உங்கள் பெயரை ஒலிபெருக்கியில் கூப்பிடுவார்கள். தடை உள்ள நாட்டு விமான நிலையத்தில் அந்தக் கூப்பாடு எங்கே போய் முடியும் என்று யோசித்துக்கொள்ளுங்கள்.

சரி, கையில் வேப் இல்லாமல் மகன் எப்படிச் சமாளிப்பார்? இதுதான் உண்மையான கேள்வி. இதற்கு வழி செய்யாவிட்டால் முதல் நாளே யாரிடமாவது கேட்டு வாங்கிவிடுவார். நிகோட்டின் நின்றதும் வரும் எரிச்சல், தலைவலி, தூக்கமின்மை முதல் மூன்று நாளில் உச்சத்துக்குப் போகும். உங்கள் பயணத்தில் அது சரியாகச் சிங்கப்பூர் இரவிலும் திருச்சி வெயிலிலும் விழும். அதனால் இரண்டு வாரம் முன்பே தொடங்கச் சொல்லுங்கள். பக்கத்து அரசாங்கக் கிளினிக்கில் புகைப்பழக்கத்தை நிறுத்த உதவும் பிரிவு இருக்கிறதா என்று கேளுங்கள். இல்லாவிட்டால் பார்மசியில் மருந்தாளரிடம் தோலில் ஒட்டும் நிகோட்டின் பேட்ச் பற்றிப் பேசலாம். ஒரு நாளைக்குப் பத்து சிகரெட்டுக்கு மேல் பிடிப்பவருக்குப் பொதுவாக 21 மில்லிகிராம் பேட்ச்சில் தொடங்குவார்கள். வேப் பிடிப்பவருக்குக் கணக்கு வேறு. எந்த ஜூஸ், எத்தனை மில்லிகிராம், ஒரு பாட் எத்தனை நாள் வருகிறது என்று சொன்னால்தான் அளவு சொல்ல முடியும். இதய நோய் இருந்தால் முதலில் டாக்டர்.

பேட்ச் உடனே வேலை செய்யாது, சில மணி நேரம் ஆகும். புறப்படும் நாள் அதிகாலையில் குளித்து, நன்றாகத் துடைத்து, முடியில்லாத மேல் கையில் ஒட்டி, உள்ளங்கையால் பத்து வினாடி அழுத்த வேண்டும். எண்ணெயோ பவுடரோ பூசிய தோலில் ஒட்டினால் வியர்வையில் உரிந்துவிடும். மறுநாள் வேறு இடத்தில் ஒட்டச் சொல்லுங்கள். நிகோட்டின் கம்மைச் சிங்கப்பூருக்குள் எடுத்துப் போக வேண்டாம். சூயிங்கம் இறக்குமதிக்குத் தடை உள்ள நாடு, பேட்ச்சோடு நிறுத்திக்கொள்ளலாம். திருச்சி மருந்துக்கடையில் 2 மில்லிகிராம் கம் கிடைக்கும். அதைச் சாதாரணச் சூயிங்கம் மாதிரி மென்று தள்ளினால் விக்கலும் வயிற்றுப் புரட்டலும்தான் வரும். காரம் தெரியும்வரை மெதுவாக மென்று, கன்னத்துக்கும் ஈறுக்கும் நடுவில் ஒதுக்கி வைத்து, காரம் போனதும் மறுபடி மெல்ல வேண்டும். மெல்லுவதற்குக் கால் மணி நேரம் முன்பு காப்பி வேண்டாம்.

வேப் இல்லை என்றால் சிகரெட் எடுத்துப் போகலாம் என்று யாராவது சொன்னால்: சிங்கப்பூரில் வரி இல்லாமல் ஒரு குச்சிகூட அனுமதி கிடையாது. பாக்கெட்டில் மிச்சமிருக்கும் நான்கு குச்சிக்கும் சிவப்புப் பாதையில் அறிவித்து வரி கட்ட வேண்டும்.

ஹட்யாய் விஷயத்தில் பையன்கள் ஏமாறுவது இரவுச் சந்தையைப் பார்த்துத்தான். தெருவில் விற்பதைப் பார்த்தால் சட்டப்படி சரி என்று தோன்றும். தாய்லாந்து 2014 கடைசியில் இறக்குமதியையும் 2015இல் விற்பனையையும் தடை செய்துவிட்டது. தடை செய்த பொருளைக் கையில் வைத்திருப்பவருக்கே சுங்கச் சட்டப்படி ஐந்தாண்டு வரை சிறை, அல்லது பொருளின் விலையும் வரியும் சேர்ந்த தொகையைப் போல் நான்கு மடங்கு அபராதம். நடைமுறையில் சாலைத் தடுப்பில் நிறுத்தி, ரசீது இல்லாமல் பணம் கேட்பதும் நடக்கிறது. 2023 ஜனவரியில் பேங்காக்கில் ஒரு தைவான் நடிகையிடம் போலீசார் இப்படி 27,000 பாட் (தாய்லாந்துப் பணம்) வாங்கியது பெரிய வழக்கானது. அந்த நிலை வந்தால் வாக்குவாதம் செய்யாமல், நிலையத்துக்குப் போய் ரசீதோடு கட்டுவதாகச் சொல்ல வேண்டும். சுற்றுலாப் போலீஸ் எண் 1155. அங்கே சிகரெட் ஆளுக்கு 200 குச்சி வரை அனுமதி, அதாவது ஒரு கார்ட்டன். நான்கு பேருடைய கார்ட்டனையும் ஒரே பிளாஸ்டிக் பையில் ஒருவர் தூக்கிப் போனால் 800 குச்சியும் அவருடையது என்றே எண்ணுவார்கள்.

மற்ற ஊர்களைச் சுருக்கமாகச் சொல்கிறோம். வியட்நாமில் 2025 ஜனவரி 1 முதல் பயன்படுத்துவதும் சேர்த்து முழுத் தடை. மாலத்தீவில் 2024 நவம்பர் 15 முதல் கொண்டுவரத் தடை, ஒரு மாதம் கழித்துப் பயன்பாட்டுக்கும். தைவானில் 2023 மார்ச் முதல் தடை. பயணி கொண்டுவந்தால் அபராதமே 50,000 தைவான் டாலரில் தொடங்கும். ஹாங்காங் 2022 ஏப்ரல் 30 முதல் இறக்குமதியைத் தடுத்தது. பொது இடத்தில் வைத்திருப்பதற்கான தடை 2026 ஏப்ரல் 30 முதல். ஆஸ்திரேலியா பயணிக்கு இரண்டு கருவி, 20 பாட், 200 மில்லி லிட்டர் வரை சொந்த உபயோகத்துக்கு விடுகிறது. இந்தோனேசியாவில் தடை இல்லை.

அனுமதி உள்ள நாட்டுக்குப் போகும்போது கருவியும் உதிரி பேட்டரியும் கைப்பையில்தான் இருக்க வேண்டும். பேட்டரி 100 வாட் மணிக்குள் இருக்க வேண்டும் என்பது விதி: மேலே எழுதியிருக்கும் மில்லி ஆம்பியர் மணியை (mAh) வோல்ட்டால் பெருக்கி ஆயிரத்தால் வகுங்கள். 3,000ஐ 3.7ஆல் பெருக்கி ஆயிரத்தால் வகுத்தால் 11.1 வாட் மணி வரும், பிரச்சினை இல்லை. ஜூஸ் புட்டி 100 மில்லிக்குள், ஒரு லிட்டர் தெளிவான பைக்குள். டேங்க்கை நிரப்பி வைக்காதீர்கள். மேலே போகப் போகக் காற்றழுத்தம் குறைந்து, உள்ளே அடைபட்ட காற்று விரிந்து ஜூஸைப் பிதுக்கிவிடும். விமானத்தில் சார்ஜ் போடுவதும் கழிவறையில் ஒரு இழுப்பு இழுப்பதும் கூடவே கூடாது.

வீட்டில் விட்டுப்போகும் வேப்பைப் பாதி சார்ஜில் அணைத்து, ஜூஸ் புட்டியோடு பூட்டிய அலமாரியில் வையுங்கள். பழ வாசனை அடிக்கும் அந்த ஜூஸ் சின்னப் பிள்ளை வாயில் சில மில்லி போனாலே ஆபத்து. தீர்ந்துபோன டிஸ்போசபளை வீட்டுக்குப் பின்னால் சருகு எரிக்கும் குப்பையில் போடாதீர்கள். பேட்டரி சூடேறி வெடிக்கும், நெருப்புத் துண்டு முகத்துக்குப் பறக்கும். வாய்ப்பகுதியையும் சார்ஜ் துளையையும் டேப் ஒட்டி மூடி, பழைய கைப்பேசி பேட்டரி வாங்கும் மின்குப்பைப் பெட்டியில் போடுங்கள்.