பத்திரத்தில் பழைய 'லை': அது பிழை இல்லை

கேள்வி: என் தாத்தாவும் பாட்டியும் 1961-இல் நிலம் வாங்கிய பத்திரத்தில் தாத்தாவின் பெயர் 'அண்ணாமலை' என்று பழைய எழுத்தில் இருக்கிறது. பட்டாவில் இப்போதைய எழுத்து. பாட்டி பெயர் பத்திரத்தில் 'இலட்சுமி அம்மாள்', பட்டாவில் 'லட்சுமி அம்மாள்'. இருவரும் காலமாகிவிட்டார்கள். நிலத்தை விற்கப் போனால், "இரண்டு பெயரும் தப்பு. பிழைதிருத்தல் பத்திரம் போட்டு, அரசிதழிலும் வெளியிடணும், 25 ஆயிரம் ஆகும்" என்கிறார் தரகர். கொடுக்கலாமா?
வாசகர், விருத்தாசலம்

பதில்: கொடுக்காதீர்கள்.

உங்கள் தாத்தா பெயரில் எழுத்துப் பிழையே கிடையாது. எழுத்தின் உருவம்தான் வேறு. அந்த 'லை'யில் முன்னால் யானைத் துதிக்கை மாதிரி ஒரு சுழி இருக்கும், பாருங்கள். 'ணா'வில் கால் தனியாக நிற்காமல் எழுத்தோடு சேர்ந்தே சுழித்திருக்கும். நானும் பள்ளிக்கூடத்தில் எழுதிப் பழகியது இதைத்தான். பெரியார் 1935 முதல் 'குடி அரசு' இதழில் எளிய உருவங்களை அச்சிட்டு வந்தார். 1978-இல் எம்.ஜி.ஆர். அரசு ஆணை போட்டு அவற்றில் 13 எழுத்துகளை ஏற்றுக்கொண்டது: ணா, றா, னா, ணொ, றொ, னொ, ணோ, றோ, னோ, ணை, லை, ளை, னை. அவ்வளவுதான். 'ஐ'க்குப் பதில் 'அய்' என்று எழுதலாம் என்ற யோசனையை அரசு எடுத்துக்கொள்ளவில்லை.

ஆக, 1961 பத்திரத்தில் பழைய 'லை' இருப்பதுதான் இயல்பு. அந்த வருடத் தேதியோடு புது 'லை' இருந்தால்தான் நான் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு இன்னொரு தரம் பார்ப்பேன். (எழுதியவர் பெரியார் பற்றாளராக இருந்தால் அதுவும் சரியே.) எழுத்தை மாற்றியது அரசு, மாறியதற்குச் சான்று மட்டும் குடிமகன் கொண்டுவர வேண்டுமாம்!

பாட்டி பெயர் வேறு கதை. அங்கே மாறியிருப்பது உருவம் இல்லை, எழுத்துக்கூட்டு. ர, ல இரண்டும் தமிழ்ச் சொல்லுக்கு முதலில் வராது என்பது தொல்காப்பியக் காலத்திலிருந்தே விதி. அதனால் முன்னால் ஒரு 'இ' சேர்த்து இலட்சுமி, இராமன் என்று எழுதினார்கள். பத்திரிகைகளும் பேச்சு வழக்கும் அந்த 'இ'யை உதிர்த்துவிட்டன. விதி மாறுமா என்று கேட்பவர்களுக்கு ஒன்று: தொல்காப்பியப்படி 'ச'வும் சொல்லுக்கு முதலில் வரக்கூடாது. சந்தை, சட்டி, சமையல் எல்லாம் எங்கே போவது? பின்னால் வந்த நன்னூல் அதற்கு இடம் கொடுத்துவிட்டது. வழக்கு முன்னால் போகும், இலக்கணம் பின்னால் வரும். தரகர் மட்டும் இரண்டுக்கும் நடுவில் நின்று வசூல் செய்வார்.

அவர் சொன்ன இரண்டு வழியையும் கொஞ்சம் யோசியுங்கள். பிழைதிருத்தல் பத்திரம் என்றால் அன்று விற்றவரோ அவருடைய வாரிசுகளோ வந்து கையெழுத்துப் போட வேண்டும். அறுபது வருடம் கழித்து அவர்களை எங்கே தேடுவது? அரசிதழில் பெயர் மாற்றம் என்பது உயிரோடு இருப்பவர் தன் பெயரைத் தானே மாற்றிக்கொள்வது. பாட்டி எழுந்து வந்து விண்ணப்பம் போட மாட்டார்.

இலட்சுமி, லட்சுமி இரண்டு பெயரும் ஒருவரையே குறிக்கும் என்று நீங்கள் ஓர் உறுதிமொழிப் பத்திரம் எழுதி நோட்டரியிடம் கையெழுத்து வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். பாட்டியின் பழைய குடும்ப அட்டையோ வரி ரசீதோ இருந்தால் கூடவே இணையுங்கள்.

ஓரிடத்தில் மட்டும் அந்த 'இ' நிஜமாகவே வம்பு செய்யும். வில்லங்கம் பார்க்கும்போது சர்வே எண்ணை வைத்துத் தேடினால் தொந்தரவு இல்லை. பெயரை வைத்துத் தேடினால், 'ல'வில் தேடுகிறவர் கண்ணில் 'இ'யில் கிடக்கும் பதிவு படாது. "ஒன்றும் இல்லை" என்று சொல்லிவிடுவார், நீங்களும் நிம்மதியாக வீட்டுக்குப் போவீர்கள். எனவே இலட்சுமி, லட்சுமி, லக்ஷ்மி மூன்றையும் தேடச் சொல்லுங்கள். முடிந்தால் பெயரை விட்டுவிட்டு, பழைய சர்வே எண், உட்பிரிவான புது எண் இரண்டையும் கொடுத்துத் தேடச் சொல்லுங்கள். ராமசாமி, ராஜேந்திரன், லட்சுமணன் என்று பெயர் உள்ள குடும்பத்தார் எல்லோருக்கும் இது பொருந்தும்.

ஆங்கில எழுத்துக்கூட்டுக்கு இப்போது போகவே வேண்டாம். 2020-இல் அரசே ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஊர்களின் ஆங்கில எழுத்துகளை மாற்றி ஆணை வெளியிட்டது. வேலூரை 'வீலூர்' என்று படிக்கிற மாதிரி எழுதிவைத்து, ஊர் சிரித்ததும் ஒரே வாரத்தில் திரும்பப் பெற்றார்கள். உங்கள் பாட்டியின் ஓர் 'இ'க்கு 25 ஆயிரமாம்.

நிலத்தை விற்கும் பத்திரம் எழுதும்போது, "இலட்சுமி அம்மாள் என்கிற லட்சுமி அம்மாள்" என்று எழுதச் சொல்லுங்கள். அந்த 'என்கிற'வுக்குத் தனிக் கட்டணம் எதுவும் கிடையாது.