ஓவிய வரலாறு படிக்கட்டும், மேனேஜ்மென்ட் சீட் வேண்டாம்

அம்மா, உங்கள் மகள் ஓவிய வரலாறுதான் படிப்பேன் என்று நிற்கிறாள். பிரெஞ்சு ஓவியர் மோனே வரைந்த வைக்கோற்போரிலிருந்து ரஷ்ய ஓவியர் காண்டின்ஸ்கியின் உருவமே இல்லாத ஓவியம்வரை நடந்த மாற்றத்தை ஆராய வேண்டுமாம். அவளுடைய பெரியப்பாவோ, நிலத்தை அடமானம் வைத்தாவது கம்ப்யூட்டர் சயின்ஸ் சீட் வாங்கச் சொல்கிறார். கவலைப்படாதீர்கள் என்று மட்டும் சொல்லி அனுப்ப எனக்கு மனம் வரவில்லை. அந்த சீட்டுக்குப் பணம் கட்டாதீர்கள். கணக்கே பிடிக்காத பிள்ளைக்கு அங்கே அரியர்தான் சேரும், கடன் உங்கள் தலையில் நிற்கும்.

இது படம் வரையும் படிப்பு இல்லை என்பதைப் பெரியப்பாவுக்குச் சொல்லுங்கள். ஏறக்குறைய துப்பறியும் வேலை. பாரிஸின் பாம்பிடூ மையம் என்ற அருங்காட்சியகத்தின் சேகரிப்பில் காண்டின்ஸ்கியின் நீர்வண்ண ஓவியம் ஒன்று இருக்கிறது. அவரே 1910 என்று குறித்திருக்கிறார். முதல் அருவ ஓவியம், அதாவது உருவமே இல்லாத முதல் ஓவியம் என்று வெகுகாலம் கொண்டாடினார்கள். அப்புறம் ஆய்வாளர்கள் பலர், 1913-இல் அவர் வரைந்த 'காம்போசிஷன் 7' ஓவியத்தின் முன்வரைவுகளோடு அதை ஒப்பிட்டு, இதுவும் அந்த வருடத்ததுதான் என்றார்கள். மூன்று வருடம் தள்ளிப்போனால் யார் முன்னோடி என்ற கேள்வியே திரும்ப எழுகிறது. சுவீடன் ஓவியர் ஹில்மா அஃப் கிளின்ட் 1906-லேயே அப்படி வரையத் தொடங்கிவிட்டாரே!

எங்கே படிப்பது? குஜராத்தில் வடோதராவின் மகாராஜா சாயாஜிராவ் பல்கலைக்கழகத்தைப் பாருங்கள். அங்கே 1950-இல் தொடங்கிய நுண்கலைப் புலத்தில் கலை வரலாறு, அழகியலுக்குத் தனித் துறையே இருக்கிறது. இளநிலை, முதுநிலை இரண்டும் உண்டு. ஓவியமும் சிற்பமும் அச்சுக்கலையும் படிக்கிறவர்கள் அதே வளாகத்தில் வேலை செய்வார்கள். வண்ணம் எப்படிப் பூசப்படுகிறது, எங்கே சுரண்டி அழிக்கப்படுகிறது என்று பக்கத்தில் நின்று பார்க்கலாம், புத்தகத்தில் அது கிடைக்காது. அந்த ஊர் அருங்காட்சியகத்தில் ஐரோப்பிய ஓவியங்களுக்கென்றே ஒரு கூடம் இருக்கிறது. அரசுப் பல்கலைக்கழகம் என்பதால் கட்டணம் மேனேஜ்மென்ட் சீட்டுக்குப் பக்கத்திலேயே வராது.

இந்தியாவில் இருந்துகொண்டு ஐரோப்பாவை எப்படி ஆராய்வது என்று கேட்டீர்கள். 1922 டிசம்பரில் கல்கத்தாவில், ஜெர்மனியின் பௌஹவுஸ் கலைப்பள்ளியின் படைப்புகளோடு ஒரு கண்காட்சி நடந்தது. காண்டின்ஸ்கி, கிளே ஆகிய ஓவியர்களின் படைப்புகள் வந்தன. சாந்திநிகேதனில் கற்பித்த கலை வரலாற்றாசிரியர் ஸ்டெல்லா கிராம்ரிஷ் அதற்கு முக்கியக் காரணம். ஆய்வுக்கு இதைவிட நல்ல தொடக்கம் வேறென்ன வேண்டும்?

அருங்காட்சியகம், ஏல நிறுவனம், ஓவியக்கூடம், ஆவணக்காப்பகம், கல்லூரி என்று வேலைகள் உண்டு. ஆரம்பச் சம்பளம் குறைவு, முதுநிலை இல்லாமல் நகர முடியாது. இதை அவளிடம் ஒளிக்காமல் சொல்லுங்கள். முதல் வருடத்திலிருந்தே ஜெர்மனோ பிரெஞ்சோ படிக்கட்டும். ஓவியர்களின் கடிதங்களை மூலமொழியில் படிக்காதவரை இந்தத் துறையில் யாரும் மதிக்க மாட்டார்கள். வெளிநாட்டில் முதுநிலை என்றால், உதவித்தொகை கிடைத்தால் மட்டும். அதற்காகவும் நிலத்தை அடமானம் வைக்கக் கூடாது, அவள் கேட்டாலும்கூட.