ஓட்டையை அடைப்பதில் என்ன வீரம்?

கேள்வி: 1988இல் பாரசீக வளைகுடாவில் கண்ணிவெடி மோதிய அமெரிக்கப் போர்க்கப்பல் ‘சாமுவேல் பி. ராபர்ட்ஸ்’ மூழ்காமல் தப்பியதை மாபெரும் வீரச் செயலாக இன்னும் பேசுகிறார்கள். அவர்கள் ஒரு எதிரியைக்கூடச் சுடவில்லை. கண்ணிவெடிகளுக்கு நடுவே கப்பலைக் கொண்டுபோனவரே கேப்டன்தான். பிறகு ஓட்டையை அடைத்ததில் என்ன வீரம்? அதிர்ஷ்டம் என்று சொல்லிவிட்டுப் போகலாமே? – வாசகர், தூத்துக்குடி.

பதில்: அதிர்ஷ்டம் இருந்தது, மறுக்கவில்லை. 10 பேர் காயமடைந்தார்கள், அவர்களில் 4 பேருக்குக் கடுமையான தீக்காயம். ஆனால் ஒருவரும் சாகவில்லை. அதை அதிர்ஷ்டக் கணக்கில் எழுதிக்கொள்ளுங்கள். வெடித்த பிறகு நடந்த 5 மணி நேரத்தை அந்தக் கணக்கில் எழுத முடியாது.

முதலில் கேப்டன் மீதான குற்றச்சாட்டு. குவைத்தின் எண்ணெய்க் கப்பல்களுக்குப் பாதுகாப்பாகப் போய்வரும் பணியில் இருந்தது ராபர்ட்ஸ். ஏப்ரல் 14 மாலை, நடு வளைகுடாவில், முன்னால் 3 கண்ணிவெடிகள் மிதப்பதைக் காவல் பார்த்த மாலுமி கண்டு சொன்னார். கமாண்டர் பால் ரின் உடனே கப்பலை நிறுத்தினார். வந்த வழி சுத்தமானது என்று தெரியும். ஆகவே வந்த தடத்திலேயே பின்னோக்கிப் போக முயன்றார். சொல்ல எளிது. 4,000 டன் கப்பல், ஒரே ஒரு உந்துவிசிறி. பின்னோக்கி ஓட்டினால் கப்பலின் பின்பகுதி ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டே போகும். தடத்தில் நூல் பிடித்தாற்போல் நிற்காது. கண்ணுக்குத் தெரிந்த மூன்றிலிருந்து விலகும்போது தண்ணீருக்கு அடியில் இருந்த இன்னொன்றில் மோதியது. 1908ஆம் ஆண்டு ரஷ்ய வடிவமைப்பில் செய்த எம்-08 வகை. உள்ளே சுமார் 115 கிலோ வெடிமருந்து. யாரும் அறிவிக்காமல் இரவோடு இரவாகப் போட்ட கண்ணிகளைக் கண்டதும் நிறுத்தியவரை, ‘கொண்டுபோய் விட்டவர்’ என்பது நியாயமில்லை.

சேதத்தைக் கேளுங்கள். அடிப்பக்கத்தில் சுமார் 5 மீட்டர் அகலத்துக்கு ஓட்டை. இரண்டு கேஸ் டர்பைன் எஞ்சின்களும் தாங்கியிலிருந்து பெயர்ந்துவிட்டன. எஞ்சின் அறையும் அதை ஒட்டிய துணை இயந்திர அறை ஒன்றும் நீரால் நிறைந்தன. புகைபோக்கி வழியாகத் தீ மேலே கிளம்பியது. எல்லாவற்றுக்கும் மேலாக, கப்பலின் முதுகெலும்பான கீல் முறிந்துவிட்டது. உங்கள் ஊர் தோணி கட்டுகிறவர்கள் ஏரா என்பார்களே, அதுதான். ஏரா முறிந்த தோணி மாலத்தீவு வரை போய்ச் சேருமா என்று அவர்களிடம் கேட்டுப் பாருங்கள்.

இனி நீங்கள் சொல்லும் ‘ஓட்டையடைப்பு’. 3 மீட்டர் ஆழத்தில் இரண்டரை சென்டிமீட்டர் துளை ஒன்று இருந்தால், அதன் வழியே மணிக்கு 8 டன் தண்ணீர் உள்ளே வரும். 5 மீட்டர் ஓட்டை என்றால் கணக்குப் போடவே வேலையில்லை. வெளியே உள்ள கடல்மட்டம் உள்ளேயும் வந்துவிடும். அதை அடைக்கப் பார்ப்பவன் கப்பலை இழப்பான். போன அறையைப் போனது என்று விட்டுவிட்டு, அடுத்த அறையின் சுவரில் நிற்க வேண்டும். ராபர்ட்ஸில் அந்தச் சுவர், எஞ்சின் அறைக்கு முன்னால் இருந்த 2ஆம் எண் துணை இயந்திர அறையின் தடுப்புச்சுவர். அதிலும் விரிசல், நீர் ஏறிக்கொண்டிருந்தது. அந்த அறையும் போனால் கப்பலும் போகும் என்ற நிலை.

அங்கே செய்கிற வேலையைச் சற்று நெருங்கிப் பார்ப்போம். மறுபக்கம் 4 மீட்டர் உயரத்துக்குத் தண்ணீர் நின்றால் சுவரின் அடியில் ஒவ்வொரு சதுர மீட்டரையும் 4 டன் தள்ளும். சுவர் உப்பும். உப்பியதைப் பழையபடி உள்ளே தள்ளப் பார்க்கவே கூடாது. தகடுகளின் இணைப்பு விட்டுப் பிளந்துவிடும். உப்பியது உப்பியபடியே இருக்க, அதன் மேல் பலகை வைத்து, பாரம் பரவும்படி முட்டுக்கொடுக்க வேண்டும். 4 அங்குலச் சதுர மரம் என்றால் நீளம் 10 அடிக்கு மேல் போகக் கூடாது, அதாவது கனத்தைப் போல 30 மடங்குக்குள். மீறினால் மரமே வளைந்து முறியும். சுவருக்கும் முட்டுக்கும் இடையே ஆப்பு, இரண்டு பக்கத்திலிருந்தும் சரிசமமாக அடித்து இறுக்க வேண்டும். ஆப்பு பெயின்ட் அடிக்காத மென்மரமாக இருக்க வேண்டும். பெயின்ட் இல்லாத மரம் தண்ணீர் குடித்து ஊறிப் பிடிக்கும், பெயின்ட் அடித்தது வழுக்கி உதிரும். கப்பல் ஆடும்போதெல்லாம் ஆப்பு தளரும், ஆகவே ஒருவர் சுத்தியலோடு அங்கேயே நின்று திரும்பத் திரும்ப இறுக்க வேண்டும். விரிசலில் துணியும் மரச்சீவலும் திணிப்பது நீரை முழுக்க நிறுத்த அல்ல, பம்ப் வெல்லும் அளவுக்குக் குறைக்க. அக்காலத்தில் அவர்கள் வைத்திருந்த பி-250 பெட்ரோல் பம்ப் நிமிடத்துக்குச் சுமார் 950 லிட்டர், மணிக்கு 57 டன் இறைக்கும். ஆனால் தண்ணீர் பம்புக்கு 6 மீட்டர் கீழே போய்விட்டால் உறிஞ்சாது. மிதக்கும் துணியும் குப்பையும் வடிகட்டியை அடைத்தாலும் நின்றுவிடும். இதையெல்லாம் இருட்டில், எரிபொருள் கலந்த நீரில், சுவர் எந்த நிமிடமும் பிளக்கலாம் என்று தெரிந்து நின்று செய்ய வேண்டும்.

மேலே தீ. தீயணைக்கும் தண்ணீரும் பாரம்தான். ஒன்றரை அங்குலக் குழாய் ஒன்று மணிக்கு 20 டன்னுக்கு மேல் கொட்டும். நான்கு குழாய் ஒரு மணி நேரம் ஓடினால் 80 டன்னுக்கும் கூடுதல். அது மேல்தளங்களில் தேங்கி, கப்பல் சாயும் பக்கமெல்லாம் ஓடி, சாய்வை இன்னும் கூட்டும். 1942இல் நியூயார்க் துறையில் எரிந்த ‘நார்மண்டி’ பயணிக் கப்பலைக் கவிழ்த்தது அதன் மேல் கொட்டிய தீயணைப்பு நீர்தான். ராபர்ட்ஸுக்கு ஒரு வருடம் முன்பு, 1987 மே மாதம் அதே வளைகுடாவில் இரண்டு எக்சோசெட் ஏவுகணைகள் தாக்கி 37 பேரைப் பலிவாங்கிய ‘ஸ்டார்க்’, இதே வகைக் கப்பல். அதன் இடப்பக்க ஓட்டையை நீருக்கு மேலே வைத்திருக்க, வலப்பக்க அறைகளில் வேண்டுமென்றே தண்ணீர் விடச் செய்தார் அதன் கேப்டன். கப்பலைக் காப்பாற்றத் தன் கையாலேயே அதற்குள் நீரை விடும் முடிவை எடுக்க எவ்வளவு நெஞ்சுரம் வேண்டும்!

ராபர்ட்ஸில் தளத்துக்கு மேலுள்ள கட்டும் விரிசல்விட்டது. மாலுமிகள் விரிசலுக்குக் குறுக்கே எஃகுக் கம்பிவடம் கட்டி முறுக்கி இறுக்கினார்கள். பெரிய எஞ்சின்கள் போன பிறகும், துறைமுகத்தில் கப்பலைக் கரையோடு கட்டும்போது உதவும் தலா 350 குதிரைத்திறன் மின்னுந்திகள் இரண்டு இருந்தன. அவற்றை இறக்கி, 5 நாட் (மணிக்குச் சுமார் 9 கிலோமீட்டர்) வேகத்தில் கண்ணிவெடிப் பரப்பிலிருந்து மெல்ல ஊர்ந்து வெளியேறினார்கள். ரேடாரும் ஏவுகணை ஏவியும் தாக்கத் தயார் நிலையில்தான் இருந்தன.

தலைமை எங்கே என்றால், அது வெடிப்புக்கு முன்பே நடந்துவிட்டது என்பேன். ரின், பொறியியல் அதிகாரி வான் ஹூக், சேதக் கட்டுப்பாட்டுக்குப் பொறுப்பான சோரன்சன் மூவரும் இந்தப் பயிற்சியில் பிடிவாதமாக இருந்தவர்கள். சமையல்காரரும் எழுத்தரும்கூடக் குழாய் பிடிக்கவும் முட்டுக்கொடுக்கவும் பழகியிருந்தால்தான் சுமார் 200 பேர் கொண்ட கப்பலுக்குக் கை போதும். வெடித்த பிறகு கேப்டன் ஓடி வந்து ஆப்பு அடிக்கக் கூடாது. எந்த அறையை விடுவது, எதைப் பிடிப்பது என்று சொல்லிவிட்டு, அடிக்கிறவர்களை நம்ப வேண்டும்.

1944 அக்டோபர் 25 அன்று பிலிப்பைன்ஸின் சமார் தீவருகே தன்னைவிடப் பன்மடங்கு பெரிய ஜப்பானியக் கப்பல்களோடு மோதி மூழ்கியது இதே பெயர் கொண்ட முந்தைய கப்பல். அதன் மாலுமிகளின் பெயர்கள் பொறித்த பலகை இந்தக் கப்பலில் இருந்தது. கண்ணிவெடி வெடித்த அன்று மாலை குழாயும் மரமும் சுமந்து அதைக் கடந்தவர்கள், பலகையைக் கையால் தொட்டுவிட்டுப் போனார்களாம். எனக்கு இந்த ஒன்றே போதும்.

சுடவில்லையே என்றீர்கள். அந்தக் கண்ணிகளின் வரிசை எண்களை வைத்து அவை ஈரானுடையவை என்று உறுதிசெய்து, நான்கே நாளில் அமெரிக்கக் கடற்படை பதிலடி கொடுத்தது. அப்போது ராபர்ட்ஸ் துபாய்த் துறைமுகத்தில் நின்றிருந்தது. பின்னர் ‘மைட்டி சர்வன்ட் 2’ என்ற டச்சு பாரக்கப்பல் அதை அப்படியே தன் மேல் ஏற்றி அமெரிக்கா கொண்டுபோனது. மெய்ன் மாநிலத்து பாத் கப்பல் கட்டும் தளத்தில் சேதமான எஞ்சின் அறைப் பகுதியை வெட்டியெடுத்து, தனியாகக் கட்டிய 315 டன் புதிய பகுதியைப் பொருத்தினார்கள். செலவு சுமார் 9 கோடி டாலர். 2015 மே மாதம் வரை அது கடலில் இருந்தது.