காய்ந்த ஓடுபாதையும் தொலைவில் ஓர் இடிமேகமும்

கேள்வி: சென்ற மாதம் நான் பயணம் செய்த விமானம் தரையிறங்காமல் அரை மணி நேரம் வட்டமிட்டது. இறங்கியபோது ஓடுபாதை காய்ந்து கிடந்தது; தொலைவில் மட்டும் இடிமேகம் தெரிந்தது. மழையே பெய்யாத இடத்தில் எதற்காகக் காத்திருந்தார்கள்?

பதில்: அங்கே மழையை விடக் காற்றுக்குத்தான் அஞ்ச வேண்டும். முதிர்ந்த இடிமேகத்திலிருந்து விழும் துளிகள் ஆவியாகும்போது சுற்றியுள்ள காற்று குளிர்ந்து, கனத்து, கீழ்நோக்கிக் கொட்டும். தரையில் மோதியதும், குடத்து நீரைக் கவிழ்த்தாற்போல் நாலாபுறமும் பாயும். துளிகள் நடுவானிலேயே ஆவியாகிவிட்டாலும் காற்று தரைக்கு வந்துவிடும் என்பதால், ஓடுபாதை காய்ந்திருப்பது பாதுகாப்புக்குச் சான்றாகாது. நான்கு கிலோமீட்டருக்கு உட்பட்ட பரப்பில் இப்படிக் கொட்டுவதற்கு மைக்ரோபர்ஸ்ட் என்று பெயர்.

அதற்குள் நுழையும் விமானத்தை முதலில் எதிர்க்காற்று தூக்கிவிடும். வேகமும் உயரமும் கூடுவதைக் கண்டு விமானி எஞ்சின் விசையைக் குறைப்பார்; அடுத்த சில நொடிகளில் கீழ்நோக்கிய காற்றும், அதைத் தொடர்ந்து பின்காற்றும் தாக்க, வேகமும் உயரமும் ஒருசேரப் பறிபோகும். தரை நெருங்கிய நிலையில் மீள்வதற்கு உயரம் இருக்காது. 1975 ஜூன் 24 அன்று நியூயார்க்கின் கென்னடி விமான நிலையத்தில் இறங்க வந்த போயிங் 727 விழுந்து நொறுங்கியதை ஆராய்ந்த வானிலை அறிஞர் டெட்சுயா ஃபுஜிடா, இத்தகைய காற்றையே காரணமாகக் காட்டினார். இது பெரும்பாலும் சில நிமிடங்களில் அடங்கிவிடும், மேகமும் நகர்ந்துவிடும். எனவே காத்திருப்பதே சிறந்த வழி. அந்த அரை மணி நேரத்துக்காக விமானியிடம் மனத்தாங்கல் கொள்ள வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன்.

கேள்வி: வட்டார வானிலை அறிக்கையையே விமானிகளும் பயன்படுத்துகிறார்களா?

பதில்: அது போதாது. விமான நிலையத்துக்கென்று டாஃப் எனப்படும் தனி முன்னறிவிப்பு உண்டு. காற்றின் திசை, நாட் (மணிக்கு ஒரு கடல் மைல்) கணக்கில் வேகம், பார்வைத் தொலைவு, மேகத்தின் அடிமட்ட உயரம் ஆகியவை நேர வாரியாக அதில் இருக்கும். இடிமழை வாய்ப்பை 30 அல்லது 40 விழுக்காடு என்றே அதில் குறிப்பார்கள். 30-க்குக் குறைந்தால் எழுதுவதில்லை, பாதியை எட்டினால் விழுக்காடின்றி, எதிர்பார்க்கும் மாற்றமாகவே எழுதிவிடுவார்கள். ஆகவே 40 என்ற எண்ணைப் பார்த்து, அநேகமாக மழை வராது என்று புறப்படுபவர் நல்ல விமானி அல்லர். வட்டமிடவும், தேவைப்பட்டால் வேறு நிலையத்துக்குச் செல்லவும் போதுமான எரிபொருளை நல்ல விமானி கேட்டு ஏற்றிக்கொள்வார்.