வீட்டில் நெட்வொர்க் பயில எது ஏற்றது: பாக்கெட் டிரேசரா, ஜிஎன்எஸ்3-ஆ?

சிஸ்கோ நிறுவனத்தின் அடிப்படை நெட்வொர்க் சான்றிதழான சிசிஎன்ஏ தேர்வுக்கு வீட்டிலிருந்தே பயில்வோர் பலருக்கும் எழும் கேள்வி இது. ரவுட்டர், சுவிட்ச் முதலிய நெட்வொர்க் கருவிகளை விலைக்கு வாங்காமல், அவற்றைக் கணினித் திரையிலேயே இணைத்து இயக்கிப் பார்க்க உதவும் மென்பொருள்கள் இவை.

இவற்றில் இரு வகை உண்டு. சிஸ்கோவின் பாக்கெட் டிரேசர் ரவுட்டரைப் போல நடிக்கும் ஒரு நிரல். தனக்குள் எழுதி வைக்கப்பட்ட கட்டளைகளுக்கு மட்டுமே விடை தரும். ஜிஎன்எஸ்3, அதைப் போன்ற ஈவ்-என்ஜி ஆகியவையோ ரவுட்டருக்குள் ஓடும் உண்மையான இயங்குதளத்தையே உங்கள் கணினியில் ஓட்டுகின்றன. ஆகவேதான் கருவிகளைக் கூட்டக் கூட்ட நினைவகம் கரைகிறது.

சென்னிமலைப் போர்வைக்கான கரையைக் கட்டத்தாளில் வரைந்து பார்ப்பது முதல் வகை. அதையே உண்மையான நூலைக் கொண்டு மாதிரித் தறியில் நெய்து பார்ப்பது இரண்டாம் வகை. தாளில் வண்ணப் பொருத்தம் தெரியும். நூல் எங்கே அறும் என்பது தறியில்தான் தெரியும்.

கோவையிலோ ஈரோட்டிலோ 4 ஜிபி நினைவகமுள்ள பழைய மடிக்கணினியுடன் தொடங்கும் மாணவருக்குப் பாக்கெட் டிரேசரே போதும் என்பேன். சிஸ்கோவின் பயிற்சித் தளமான நெட்வொர்க்கிங் அகாடமியில் கணக்கு இருந்தால் அது இலவசம்; தகவல் பொட்டலம் ஒவ்வொரு கருவியாகக் கடந்து செல்வதை நிறுத்தி நிறுத்திக் காட்டும் வசதிக்காகவே, அனுபவம் உள்ளவர்களும் அதை வைத்திருக்கலாம். சிசிஎன்ஏ-வுக்கு அடுத்த நிலையான சிசிஎன்பி அளவிலான பயிற்சிக்கும் பல நிறுவனங்களின் கருவிகளைக் கலந்து இணைப்பதற்கும் 16 ஜிபி நினைவகத்துடன் ஜிஎன்எஸ்3-க்கு மாறலாம்.

ஜிஎன்எஸ்3 இலவசம் என்பதால் சிஸ்கோ இயங்குதளமும் அதனுடன் சேர்ந்தே வரும் எனப் பலர் எண்ணுகின்றனர். ஆனால் அந்த இயங்குதளக் கோப்பை உரிய உரிமத்துடன் தனியாகத்தான் பெற வேண்டும்.